மௌனப் படத்துல நாய் எப்படி நடிச்சுது? (சந்தேகங்களுக்கு விளக்கம்)

ஒரு தம்பி கேட்டிருக்காரு, "சார், மௌனப் பட காமெடி நடிகர் பஸ்டர் கீட்டன் படத்துல ஒரு நாய் ஏணில ஏறி சுவத்து மேல ஓடுதே, அது நிஜமா, இல்ல ஏதாவது ட்ரிக்கா?"ன்னு. ரெண்டு நாளா இதே நெனப்புதான், அவ்ளோ சந்தோஷமா இருக்கு.

நிஜம்தான்பா. 1920ல வந்த 'தி ஸ்கேர்குரோ', ரெண்டு ரீல் படம், நாய் பேரு லூக். கிரீம் தடவின பை (pie)ங்கற பலகாரத்தைத் தின்னுட்டு வாயெல்லாம் நுரை தள்ளின மாதிரி நிக்கும், கீட்டன் அதை வெறிநாய்னு நெனச்சு ஓடுவாரு, கூரையே இல்லாத ஒரு இடிஞ்ச வீடு, ஜன்னல் வழியா குதிச்சு சுவத்து மேல ஏறிட்டு திரும்பிப் பாத்தா லூக்கும் ஏணில ஏறி பின்னாலயே வருது! ஆளும் நாயும் ஒரே ஃபிரேம்ல ஓடுறாங்க, அங்க ஒட்டு வேலைக்கு ஏது இடம்?

எப்படி முடிஞ்சுதுன்னா, நான் எப்பவும் சொல்றதுதான், பழைய ஆளுங்களுக்குத் தெரியும், மௌனப் படம் பாக்குற நமக்குத்தான் மௌனம், எடுக்கிற இடத்துல கூச்சல் போடலாம். சத்தம் பதிவாகாதுல்ல, கேமரா ஓடும்போதே பக்கத்துல நின்னு "வா, ஏறு, விடாத"ன்னு கத்தலாம். டாக்கி, அதான் பேசும் படம், வந்ததும் அந்த வசதி போச்சு.

அதோட லூக் வாடகை நாய் இல்ல, இன்னொரு மௌனப் பட காமெடி நடிகர் ஃபேட்டி ஆர்பக்கிள் வீட்டு நாய். அவரு மனைவி மின்டா டர்ஃபிக்கு டைரக்டர் வில்ஃப்ரெட் லூக்காஸ் குடுத்த குட்டி, அதான் லூக்னு பேரு. 1917ல 'தி புட்சர் பாய்' படத்துலயே கீட்டனும் லூக்கும் இருக்காங்க, பழகின ஆளைத்தான் அது தொரத்துது.

ஆனா தம்பி, அந்தப் பிராணிக்கு அது புடிச்சுதான்னு நீங்க கேட்டிருக்கணும். 1894லயே எடிசன் ஸ்டுடியோல பூனை பாக்ஸிங்னு எடுத்தாங்க, குட்டி ரிங்கு, பூனைக்கு கிளவுஸ், பின்னாடி வித்தை காட்டுறவரு வெல்டன் நிக்கிறாரு. எனக்கு அதுல சிரிப்பு வரல. எங்க அக்கா பொண்ணு, ஏழு வயசு, அதப் பாத்துட்டு "பூனை பாவம் மாமா"ன்னா. லூக் ஏணி ஏறினதும் "மாமா இன்னொரு வாட்டி போடு"ன்னா, நாலு வாட்டி போட்டேன்.

இங்கிலாந்துல ஜி.ஏ. ஸ்மித் 1903ல 'தி சிக் கிட்டன்'னு எடுத்தாரு, ஒரு நிமிஷம்கூட முழுசா வராது. நோயாளி பூனைக்குட்டிக்கு ஸ்பூன்ல மருந்து, கேமரா சட்டுனு கிட்டக்க போயி அது ஸ்பூனை நக்குறதை மட்டும் காட்டும். அந்தக் குட்டிக்கு யாரும் கத்திச் சொல்ல வேண்டியே இல்ல, ஸ்பூன் வந்துச்சு, நக்கிடுச்சு. அந்த குளோஸப்பைப் பத்தி தனியா ஒரு நாள் பேசணும், இப்ப அடுத்த கேள்விக்குப் போவோம்.