லாரி இடிக்காத நாயகன்

நேயர்களுக்கு வணக்கம்.

ஜப்பானில் 'இசேகாய்' என்றொரு கதை வகை உண்டு. வேறு உலகம் என்று பொருள். வீட்டைவிட்டு வெளியே வராத ஓர் இளைஞன், தெருவில் யாரையோ காப்பாற்றப் போய் லாரியில் அடிபட்டுச் சாவான். கண் விழித்தால் எதிரே ஒரு தெய்வம். வரத்தை வாங்கிக்கொண்டு வாளும் மந்திரமும் நிறைந்த உலகில் போய் இறங்குவான். அப்புறம் அவனை வெல்ல ஆள் கிடையாது. பத்துக் கதை பார்த்தவருக்குப் பதினோராவது மனப்பாடம்.

இந்த மனப்பாடத்தைத்தான் 'கொனோசுபா' கேலி செய்கிறது. நட்சுமே அகாட்சுகி 2012இல் இணையத்தில் எழுதத் தொடங்கிய கதை இது. 2016 ஜனவரியில் அனிமே என்னும் ஜப்பானிய அசைபடத் தொடராக வந்தது. மூன்றாம் பருவம் 2024இல் வெளியானது.

இதன் நாயகன் கஸுமாவும் ஒரு பெண்ணைக் காப்பாற்றத்தான் பாய்கிறான். ஆனால் வந்தது லாரி அல்ல, ஊர்ந்து வந்த டிராக்டர். அது அவளை இடித்திருக்கவே இடித்திருக்காது. தன்மேல் லாரி ஏறிவிட்டது என்று நினைத்து, அந்த அதிர்ச்சியிலேயே செத்துப்போகிறான். இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறாள் அக்குவா என்னும் தெய்வம். எந்த வரம் வேண்டுமானாலும் கேள் என்கிறாள். அவனுக்கு ரோஷம் வந்துவிடுகிறது. "உன்னையே கொண்டுபோகிறேன்" என்கிறான். அங்கேயே அவன் கதை கெட்டது.

புது உலகில் இறங்கிய உடனே முதல் சிக்கல் பணம். சாகச வீரராகப் பதிவு செய்ய ஆளுக்கு 1,000 எரிஸ் கட்டணம்; எரிஸ் என்பது அந்த உலகத்து நாணயம். கையில் ஒரு காசு இல்லை. அசுரராஜனை ஒழிக்க வந்தவனும் தெய்வமும் ஊரின் மதில் கட்டும் இடத்தில் கூலி வேலை செய்து, குதிரை லாயத்தில் வைக்கோல்மேல் படுக்கிறார்கள். அக்குவாவுக்கு அந்த வாழ்க்கை பிடித்தும் போகிறது!

வழக்கமான நாயகனும் கதைக்குள் வருகிறான். மிட்சுருகி. அழகன், நல்லவன், தெய்வம் கொடுத்த வாளை ஏந்தியவன். வேறொரு தொடரில் இருந்திருந்தால் சுவரொட்டியில் நடுவில் நிற்க வேண்டியவன். அவன் கஸுமாவைச் சண்டைக்கு அழைக்கிறான். கஸுமாவோ திருட்டு வித்தையால் வாளை ஒரு நொடியில் பறித்து, அதே வாளின் தட்டைப் பக்கத்தால் மண்டையில் ஒரு போடு போடுகிறான். பிறகு வந்து வாளைத் திருப்பிக் கேட்டால், அது ஏற்கெனவே விலை போயிருக்கிறது. இந்த வகைக் கதைகளின்மேல் வைக்கப்பட்ட விமர்சனங்களில் இதைவிடச் சுருக்கமானதை நான் கண்டதில்லை. இதே திருட்டு வித்தையை உள்ளாடை திருடும் நகைச்சுவைக்கும் இழுத்திருக்கிறார்கள். எனக்கு அது முதல் முறையே சலித்துவிட்டது.

கஸுமாவின் குழுவில் இன்னும் இருவர் சேர்கிறார்கள். மெகுமின் என்ற சிறுமிக்குத் தெரிந்தது ஒரே மந்திரம்: வெடிப்பு. நாளுக்கு ஒரு முறைதான். வெடித்த கையோடு சுருண்டு விழுவாள், கஸுமா முதுகில் சுமந்து வர வேண்டும். டார்க்னெஸ் என்ற வீராங்கனை வாள் வீசினால் எதன்மேலும் படாது.

இந்தக் கூட்டம் ஒரு முறை உண்மையாகவே வென்றது. அசுரராஜனின் தளபதி ஒருவன், தன் தலையைக் கையில் ஏந்தித் திரிபவன், ஊருக்கே வந்துவிட்டான். அக்குவா வெள்ளத்தை வரவழைக்க, அவன் நிலைகுலைந்து ஒழிந்தான். பரிசு 30 கோடி எரிஸ். கூடவே, வெள்ளத்தில் இடிந்த மதிலுக்கும் வீடுகளுக்கும் நஷ்ட ஈடு 34 கோடி. ஆக, ஊரைக் காத்த வீரர்களுக்குக் கடன் நான்கு கோடி. குளிர்காலம் வந்துவிட்டது, படுக்கை இன்னும் அதே லாயத்தில்தான்.