ஹோட்டன் சமவெளி மூங்கில் மட்டக்களப்பில் ஏன் பிழைக்காது?

[காட்சி: வெருகல் ஆறு]

வாகரைக்கு வடக்கே, மட்டக்களப்பு மாவட்ட எல்லையில் ஓடும் வெருகல் மகாவலியின் கிளை. மகாவலிக்குத் தண்ணீர் கொடுக்கும் ஓடைகளில் சில 2,100 மீற்றருக்கு மேலே, ஹோட்டன் சமவெளியில் ஊறுகின்றன. அந்த ஓடைக்கரைகளில் நிற்கும் குட்டை மூங்கிலின் பெயர் குருணா டென்சிஃபோலியா. குருணா என்று தனிப் பேரினமாகப் பிரித்ததே 2014இல்தான்.

[காட்சி: இலை, மிக அருகில்]

மூங்கில் என்றதும் நமக்குக் கைப்பிடிக்குள் அடங்காத மஞ்சள் மூங்கில்தான் நினைவுக்கு வரும். இதுவோ பென்சிலை விட மெல்லிசு; தூரத்தில் வெறும் புல். இலையின் அடியைப் பாருங்கள். புல்லில் இலை நேரே தண்டைச் சுற்றிய உறையில் இறங்கும். மூங்கிலில் இரண்டுக்கும் நடுவே நூல் போல் ஒரு சின்னக் காம்பு. தண்டைத் தடவினால் கணு கட்டியாக நெருடும்.

நிலத்துக்குள் வேர்த்தண்டுகள் ஒன்றோடொன்று நெருங்கி, கறுத்த ஈரமண்ணைப் பிடித்து வைக்கின்றன. மழைநீர் கரையை அரிக்காமல் மெல்ல இறங்கும். இலங்கைக்கே உரிய புதர்க் கதிர்க்குருவி ஒன்றும் மலைமூங்கில் அடர்த்திக்குள் திரியும். நிலத்தை ஒட்டியே நகர்வதால் குரல் கேட்கும், ஆளைக் காண்பது அரிது.

[காட்சி: பூச்சாடியில் காய்ந்த செடி]

இதைக் கொண்டுவந்து வளவில் வைக்கலாமா? முதலில், ஹோட்டன் சமவெளி ஒரு தேசியப் பூங்கா; அங்கே செடி பிடுங்குவது குற்றம். அடுத்தது, இது குளிர்நாட்டு மூங்கில் கூட்டம். அங்கே சராசரி வெப்பம் சுமார் 13 பாகை. தை, மாசியில் உறைபனியும் விழும். இங்கே சூடான, வறண்ட கச்சான் காற்று தொடங்கினால் வேர் உறிஞ்சுவதை விட வேகமாக இலை நீரை இழக்கும். முதலில் இலை சுருளும், பிறகு ஓரம் கருகும். தண்ணீர் போதவில்லை என்று நினைத்து மேலும் ஊற்றினால் சாடிக்குள் வேர் அழுகும்.

[காட்சி: மஞ்சள் மூங்கில் துண்டு நடுதல்]

நம் மண்ணுக்கு மஞ்சள் மூங்கில் போதும். ஒன்றிரண்டு வயதுத் தண்டில், மூன்று கணு வருமாறு வெட்டுங்கள். இந்த வருடக் குருத்துத் தண்டு வேண்டாம், அழுகிவிடும். மாரி மழை தொடங்கும் ஐப்பசியில் சாய்த்து நட்டு, ஒரு கணுவாவது மண்ணுக்குள் இருக்கப் பாருங்கள். தலைகீழாக நடாதீர்கள்: மொட்டு மேல்நோக்கி இருக்க வேண்டும். கிணற்றுக்கும் மதிலுக்கும் தள்ளியே நடுங்கள்; பற்றை வருடா வருடம் அகலும்.