தேதியில்லாத துயரம் எந்த ஆண்டின் கணக்கில்?

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

ஒரு நாட்டின் வரலாற்றை ஆண்டுவாரியாகத் தொகுக்க உட்காருகிறவர் முதல் நாளே ஒரு கேள்வியில் சிக்கிக்கொள்கிறார். ஆயிரம் நிகழ்ந்த ஓர் ஆண்டுக்குப் பத்து வரிதான் இடம் என்றால், எந்தப் பத்து? ‘முக்கியமானவற்றை எழுதுங்கள்’ என்று சொல்வது எளிது. ஆனால் எது முக்கியம் என்பதுதானே கேள்வியே. நான் இன்று பேச விரும்புவது, அந்தத் தேர்வில் தொகுப்பாளர் அறியாமலே வேலை செய்துகொண்டிருக்கும் ஒரு சல்லடையைப் பற்றி. நாளும் கிழமையும் குறிக்கத்தக்க நிகழ்வு எளிதாக உள்ளே வந்துவிடுகிறது; மாதக்கணக்கில், ஆண்டுக்கணக்கில் மெல்ல நிகழ்வது, அது நாட்டையே உருக்குலைத்திருந்தாலும், வெளியே நின்றுவிடுகிறது.

இன்றைய சுவிட்சர்லாந்தில் உள்ள செயின்ட் கால் மடத்தின் பெயரால் அறியப்படும் பழைய ஆண்டுக்குறிப்பு ஒன்று உண்டு. லத்தீனில் எழுதப்பட்ட அதில் ஆண்டுகள் ஒன்றன்கீழ் ஒன்றாக இறங்குகின்றன. ஒவ்வோர் ஆண்டுக்கும் எதிரே ஒரு வரி இருக்கும், அல்லது ஒன்றுமே இருக்காது. 709: கடுங்குளிர், ஒரு பிரபு இறந்தார். 710: கடினமான ஆண்டு, விளைச்சல் குறைவு. 711: வெறும் இடம். 712: எங்கும் வெள்ளம். 722: நல்ல விளைச்சல். 732: சார்லஸ் (பிராங்க் மக்களின் தலைவன்) புவாத்தியேயில் சரசென்களுடன் (முஸ்லிம் படையினருடன்) சனிக்கிழமையன்று போரிட்டான். யார் வென்றார் என்று இல்லை; கிழமை மட்டும் இருக்கிறது. பீட் என்ற அறிஞரான துறவியின் மரணம் 731 இல் எழுதப்பட்டிருக்கிறது. அவர் இறந்ததோ 735 இல். எழுதப்பட்டுவிட்டது என்பதாலேயே ஓர் ஆண்டு சரியாகிவிடாது என்பதற்கு இந்த ஒரு வரி போதும்.

இதை முதலில் படித்தபோது, எழுதத் தெரியாத ஒருவர் எழுதியது என்றே நினைத்தேன். இப்போது அப்படி நினைக்கவில்லை. குளிரும் வெள்ளமும் விளைச்சலும் போருக்கு நிகரான வரியைப் பெற்றிருக்கும் பக்கம் அது. நம் மெய்க்கீர்த்திகளில் மன்னன் கொண்ட நாடுகளின் பெயர்கள் அடுக்கடுக்காக வரும். அந்த ஆண்டு மழை பெய்ததா என்பதை அவற்றிலிருந்து அறிய முடியாது. இன்றைய காலவரிசைகள் பலவும் அந்த மடத்துக் குறிப்பைவிட மெய்க்கீர்த்திக்கே நெருக்கமாக நிற்கின்றன என்பது என் வருத்தம்.

அயர்லாந்தின் 1847 ஆம் ஆண்டை எடுத்துக்கொள்வோம். அந்த ஆண்டு மே 15 அன்று, அந்நாட்டின் பெருந்தலைவர் டேனியல் ஓ’கானல் இத்தாலியின் ஜெனோவா நகரில் இறந்தார். நாள், இடம், பெயர் மூன்றும் தெளிவாக இருப்பதால் எந்தத் தொகுப்பாளரும் தயங்காமல் அதை எழுதிவிடுவார். ஆனால் அதே ஆண்டு அயர்லாந்தில் மக்கள் பட்டினியாலும் காய்ச்சலாலும் கூட்டம் கூட்டமாக மடிந்துகொண்டிருந்தார்கள். உருளைக்கிழங்கைத் தாக்கிய கருகல் நோய் 1845 இல் தோன்றியது. 1846 இல் விளைச்சலின் பெரும்பகுதி அழிந்தது. 1847 இல் நோயின் கடுமை குறைந்திருந்தும், விதைக்கிழங்கைப் பசிக்குத் தின்று தீர்த்துவிட்டதால் நட்ட நிலமே சொற்பமாக இருந்தது. நோயை மட்டும் பார்ப்பவருக்கு 1847 தேறிவரும் ஆண்டு. அயர்லாந்து மக்களின் நினைவிலோ அது கருப்பு ஆண்டு. பஞ்சம் தொடங்கிய ஆண்டில் ஒரே வரியாக எழுதிவிட்டு நகர்ந்துவிடும் வழக்கம் எவ்வளவு தவறு என்பதை இந்த ஒரு செய்தி காட்டுகிறது. 1841 கணக்கெடுப்பில் ஏறக்குறைய 82 லட்சமாக இருந்த மக்கள்தொகை 1851 இல் சுமார் 65 லட்சம்தான். இடைப்பட்ட ஆண்டுகளில் ஏறக்குறைய 10 லட்சம் பேர் இறந்தார்கள்; அதற்குக் குறையாதவர்கள் கப்பலேறினார்கள். இவ்வளவு பேரும் ‘மே 15’ என்பது போன்ற ஒரு தேதி தங்களுக்கு இல்லாததால் பக்கத்திலிருந்து விழுந்துவிடக் கூடாது.

ஆகவே நான் முன்வைக்கும் சோதனை இது: இந்த நிகழ்வுக்குப் பிறகு அந்நாட்டில் வாழ்ந்தவர்களுள் யாருக்கு, எது, முன்போல் இல்லாமற் போயிற்று? இதற்கு விடை சொல்ல முடிந்தால் நிகழ்வுக்கு இடம் உண்டு. விடையில் அரண்மனையும் படையும் மட்டுமே வருமானால் தொகுப்பாளர் மறுபடி தேடவேண்டும்.

இந்தச் சோதனைக்கு ஒரு விதிவிலக்கையும் நானே சொல்லிவிடுகிறேன், ஏனெனில் அதை வெகுநாள் எண்ணிப் பார்த்திருக்கிறேன். சுவிட்சர்லாந்தில் பெண்களுக்குக் கூட்டாட்சி அளவில் வாக்குரிமை தருவது பற்றி 1959 பிப்ரவரி 1 அன்று வாக்கெடுப்பு நடந்தது. வாக்களித்தவர்கள் ஆண்கள் மட்டுமே. மூன்றில் இரு பங்கினர் வேண்டாம் என்றார்கள். 1971 பிப்ரவரி 7 அன்று மீண்டும் கேட்டபோது அதே அளவினர் வேண்டும் என்றார்கள். 1971 ஐ எழுதாத தொகுப்பு இருக்க முடியாது. 1959 இல் சட்டம் எதுவும் மாறவில்லை என்பதால் அதை விட்டுவிடலாமா? விடக் கூடாது. ஒரு நாடு எதை மறுத்தது என்பதும் அந்த நாட்டின் வரலாறுதான்; அந்த ஞாயிற்றுக்கிழமைக்குப் பிறகு மேலும் பன்னிரண்டு ஆண்டுகள் காத்திருந்த பெண்களுக்கு அது நிகழாத நிகழ்வு அன்று. அப்பென்செல் இன்னர்ரோடன் மாநிலத்தில், மாநில வாக்குரிமைக்காக உச்ச நீதிமன்றத்தின் 1990 தீர்ப்பு வரையிலும் அவர்கள் காத்திருக்க நேர்ந்தது.

பிறந்தநாள்களைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. பின்னாளில் புகழ்பெற்ற ஒருவர் பிறந்தது அவர் பிறந்த ஆண்டில் அவர் வீட்டாருக்கு மட்டுமே செய்தி. அவர் என்ன செய்தாரோ அது செய்யப்பட்ட ஆண்டில் அவர் பெயர் வரட்டும். நாட்காட்டிச் சிக்கலையும் சுருக்கமாகத் தொட்டுச் செல்கிறேன். இங்கிலாந்து மன்னர் முதலாம் சார்லஸின் தலை துண்டிக்கப்பட்ட சனவரி 30 நமக்கு 1649. புத்தாண்டு மார்ச் 25 இல் தொடங்கிய அன்றைய இங்கிலாந்தின் ஆவணங்களில் அது 1648. எந்தக் கணக்கைப் பின்பற்றுகிறோம் என்பதை முகப்பிலேயே சொல்லிவிட்டால் பாதிக் குழப்பம் தீரும்.

இன்னும் கடினமானது, ஒரு நிகழ்வு எந்த நாட்டுக்கு உரியது என்பது. இந்தோனேசியாவின் சும்பாவா தீவில் உள்ள தம்போரா எரிமலை 1815 ஏப்ரலில் வெடித்தது. அடுத்த ஆண்டு ஐரோப்பாவில் கோடையே வரவில்லை. சுவிட்சர்லாந்தில் பயிர் விளையாமல் பஞ்சம் வந்தது. அங்கே குளிரில் நடுங்கியவர்களுக்கு எரிமலைதான் காரணம் என்று தெரியாது. சுவிட்சர்லாந்தின் 1816 இல் எழுதவேண்டியது அந்தக் கோடையும் பஞ்சமும். தம்போரா காரணம் என்பது பின்னர் அறியப்பட்டது என்ற குறிப்போடு அதை அடுத்துச் சேர்க்கலாம். காரணம் நிகழ்ந்த மண்ணுக்கும் விளைவைத் தாங்கிய மண்ணுக்கும் தனித்தனி வரிகள் வேண்டும்.

அயர்லாந்தின் 1847 க்கு நான் எழுதியிருக்கும் வரைவைப் படித்துக் காட்டுகிறேன். “1847: 1845 இல் தொடங்கிய பஞ்சத்தின் மிகக் கொடிய ஆண்டு. விதைக்கிழங்கு இல்லாமையால் நடவு குறைந்தது. பட்டினியோடு காய்ச்சல் பரவியது. கோடையில் நாள்தோறும் சுமார் 30 லட்சம் பேர் அரசுக் கஞ்சிக்கூடங்களில் உண்டனர். பஞ்சம் தீராத நிலையிலேயே அக்கூடங்கள் இலையுதிர்காலத்துக்குள் மூடப்பட்டன. மே 15: டேனியல் ஓ’கானல் ஜெனோவாவில் மறைந்தார்.”