ஐம்பதை நெருங்கியபோது வந்த அழைப்பு

நண்பர்களே, வணக்கம். துணை வேடங்களிலேயே வாழ்ந்து பெயர் வாங்கிய பிரிட்டன் நடிகை லிஸ் ஸ்மித்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன்.

1921இல் ஸ்கன்தார்ப் என்ற ஊரில் பிறந்தார். இரண்டு வயதில் தாய் இறந்துவிட்டார். அப்புறம் தந்தையும் விட்டுப் போனார், வளர்த்தது பாட்டிதான். போர்க்காலத்தில் கடற்படையின் மகளிர் பிரிவில் வேலை. கல்யாணம், இரண்டு குழந்தைகள், மணமுறிவு. கிடைத்த வேலையெல்லாம் பார்த்துப் பிள்ளைகளை வளர்த்தார். நடிப்பை மட்டும் விடவில்லை.

லண்டனில் ஹாம்லீஸ் கடையில் பொம்மை விற்றுக்கொண்டிருந்தபோது மைக் லீ என்ற இளம் இயக்குநர் கூப்பிட்டார். 1971இல் வந்த அந்தப் படம் 'ப்ளீக் மொமென்ட்ஸ்'. அப்போது அவருக்கு ஐம்பதை நெருங்கும் வயது. இரண்டு வருடத்தில் அதே இயக்குநரின் 'ஹார்ட் லேபர்' தொலைக்காட்சிப் படத்தில் வீட்டுவேலை செய்யும் பெண்ணாக நடித்தார். அந்தக் களைப்பை அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை என்றே நினைக்கிறேன்.

1984இல் 'எ பிரைவேட் ஃபங்ஷன்'. போர் முடிந்தும் ரேஷன் தீராத 1947இல், ஒரு குடும்பம் பன்றியைத் திருடி வீட்டுக்குள் ஒளித்துவைக்கிற கதை. அதில் நடிகை மேகி ஸ்மித்துக்கு வயதான அம்மாவாக நடித்தார். சிறந்த துணை நடிகைக்கான பாஃப்டா என்ற பிரிட்டன் திரைப்பட விருது கிடைத்தது.

'விகார் ஆஃப் டிப்லி' தொடரில் விபரீதச் சமையல் செய்யும் லெட்டீஷியாவாகச் சிரிக்கவைத்தார். ஆனால் என்னை உலுக்கியது 'ராயில் ஃபேமிலி'யின் பாட்டிதான். 1998இல் தொடங்கிய நகைச்சுவைத் தொடர். மான்செஸ்டரில் ஒரு வீட்டுக் கூடம், சோபா, டிவி, அவ்வளவுதான். பின்னணியில் சிரிப்பொலி கிடையாது. எங்கே சிரிக்க வேண்டும் என்று யாரும் நமக்குச் சொல்வதில்லை. அந்த மௌனத்தில் பாட்டியின் புலம்பல் சிரிப்பாக வேண்டும், அதே புலம்பலில் தனிமையும் தெரிய வேண்டும். பாருங்கள், இரண்டையும் ஒரே முகத்தில் கொண்டுவந்தார்.

2006இல் வந்த சிறப்புப் பகுதியில் பாட்டி படுத்த படுக்கையாகிறார். கூடத்திலேயே கட்டில் போட்டு மகள் பார்த்துக்கொள்கிறாள். கடைசியில் பாட்டி இறந்துபோகிறார். பெரிய வசனம், பெரிய அழுகை எதுவும் அவருக்குத் தேவைப்படவில்லை. துணை நடிப்பு என்பதைச் சின்ன நடிப்பு என்று நினைப்பவர்கள் அந்தப் பகுதியை அவசியம் பார்க்க வேண்டும். அடுத்த வருடம் பிரிட்டிஷ் காமெடி விருதுகளில் சிறந்த நடிகை என்று அவரைத்தான் தேர்ந்தெடுத்தார்கள். துணை நடிகை என்று அல்ல, சிறந்த நடிகை என்றே. அப்போது அவருக்கு வயது 85.