துணி ஊருடையது, முடிச்சு என்னுடையது

நடுவர் அவர்களே, அவையோரே, எதிரணியில் அமர்ந்திருக்கும் அக்கா, அண்ணன் எல்லாருக்கும் வணக்கம்.

'நாம் உடுத்துவதைத் தீர்மானிப்பது ஊரா, உள்ளமா?' இதுதான் தலைப்பு. எனக்கு முன்னால் பேசிய அக்கா, ஊர்தான் என்று அடித்துச் சொன்னார். கடையில் தொங்குவதைத்தான் வாங்குகிறோம், விளம்பரம் காட்டுவதைத்தான் போடுகிறோம், 'ஆள் பாதி ஆடை பாதி' என்ற பழமொழியே அடுத்தவர் கண்ணுக்காக உடுத்துவதைத்தான் சொல்கிறது என்றார். சரி, அதில் ஒரு பங்கை நான் ஒப்புக்கொள்கிறேன். துணி வெளியிலிருந்துதான் வருகிறது. தன் சட்டைக்குத் தானே பருத்தி விதைக்கிறவர் இந்த அரங்கத்தில் யாரும் இல்லை.

ஆனால் அக்காவிடம் ஒன்று கேட்கிறேன். ஊர் சொன்னதைத்தான் மனிதர் உடுத்துவார் என்றால், உடைக்குச் சட்டம் எதற்கு? இங்கிலாந்தில் 1363-ல், இன்ன தகுதி உள்ளவர் இன்ன விலைத் துணிதான் உடுத்த வேண்டும் என்று சட்டம் போட்டார்கள். 200 வருஷத்துக்கு மேல் கழித்து, 1574-ல் முதலாம் எலிசபெத் ராணி அதே மாதிரி மறுபடியும் ஆணை போட வேண்டி வந்தது. ஜனங்கள் கேட்டிருந்தால் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்குமா? பாரிஸில் 1800-ல், பெண் ஒருத்தி ஆண் உடை போட வேண்டுமென்றால் போலீஸில் அனுமதி வாங்க வேண்டும் என்று உத்தரவு. மாட்டுச் சந்தையில் நின்று படம் வரைவதற்காக ரோசா போனர் என்ற ஓவியர் அந்த அனுமதிச் சீட்டை வாங்கிக்கொண்டு கால்சட்டை போட்டுப் போனார். அந்த உத்தரவு செல்லாது என்று அரசாங்கம் முறையாக அறிவித்தது 2013-ல். பாரிஸ் பெண்கள் அதுவரைக்குமா காத்திருந்தார்கள்?

நியூ ஆர்லியன்ஸுக்கு வாருங்கள். 1786. ஊர் அப்போது ஸ்பெயின்காரர்கள் கையில். அங்கே அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட கறுப்பினப் பெண்கள் கூந்தலை உயர்த்திக் கட்டி, இறகும் நகையும் சூடித் தெருவில் நடந்தார்கள். ஆளுநர் எஸ்தேவான் மிரோவுக்கு அது பொறுக்கவில்லை. இனி இந்தப் பெண்கள் நகையும் இறகும் அணியக் கூடாது, தலையைத் துணியால் கட்டி மறைக்க வேண்டும் என்று ஆணை போட்டார். பார்த்த உடனே, இவள் கீழே இருக்க வேண்டியவள் என்று தெரிய வேண்டும். அதுதான் நோக்கம்.

அந்தப் பெண்கள் கீழ்ப்படிந்தார்கள். தலையை மூடிக்கொண்டார்கள். ஆனால் எப்படி? பளிச்சென்ற நிறங்களில் துணி எடுத்து, மடிப்பு மடிப்பாக உயர்த்தி, கிரீடம் மாதிரிக் கட்டினார்கள். நம்ம சென்னைத் துறைமுகத்தில் கப்பலேறிப் போன கட்டம் போட்ட பருத்தித் துணியும் அந்தத் தலைக்கட்டில் இருந்தது. அதற்கு அங்கே பேரே 'மெட்ராஸ்'. நம் பக்கத்துத் தறியில் யாரோ ஒருவர் நெய்தது, கடல் கடந்து போய், தலை குனிய மறுத்த ஒரு பெண்ணின் நெற்றிக்கு மேல் ஏறியது. இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. தலையை மூடு என்று சட்டம் சொல்லலாம். முடிச்சை எங்கே போடுவது, மடிப்பை எவ்வளவு உயர்த்துவது என்று எந்த ஆளுநரால் எழுதி வைக்க முடியும்?

தூர தேசத்துக் கதை என்பீர்கள். இன்றைய கன்னியாகுமரி மாவட்டம் திருவிதாங்கூரில் இருந்தபோது, நாடார் பெண்கள் மேலாடை உடுத்தக் கூடாது என்றிருந்தது. அந்தப் பெண்கள் எதிர்த்தார்கள். சந்தையிலும் தெருவிலும் வைத்து மேல்சாதிக்காரர்கள் அவர்கள் துணியைக் கிழித்தார்கள். எதிரணி அண்ணன் இதை எடுத்து, 'அந்தப் பெண்கள் கேட்டதும் மேல்சாதிப் பெண்கள் போட்ட தோள்சீலையைத்தானே, அது ஊரைப் பார்த்து வந்த ஆசைதானே' என்று கேட்கக்கூடும். அண்ணே, திருவிதாங்கூர் அரசின் 1829 ஆணையிலேயே, கிறிஸ்தவராக மாறிய நாடார் பெண்கள் குப்பாயம் என்ற ரவிக்கை போட்டுக்கொள்ள இடம் கொடுத்தார்கள். உடம்பை மூடுவது மட்டும்தான் வேண்டியது என்றால் அதோடு விஷயம் முடிந்திருக்கும். முடியவில்லை. எதை உடுத்துவது என்று நீ சொல்லாதே, நான் சொல்கிறேன் என்பதுதான் அந்தப் பெண்களின் வழக்கு. 1859-ல் மகாராஜா இறங்கி வந்தபோதுகூட, எப்படி வேண்டுமானாலும் மூடிக்கொள்ளலாம், ஆனால் மேல்சாதிப் பெண்கள் மாதிரி மட்டும் கூடாது என்று ஒரு வால் ஒட்டியிருந்தது. அந்த வாலையும் அறுத்தது யார்? பிற்பாடு அந்தத் தோள்சீலையைப் போட்டுக்கொண்டு வாசலைத் தாண்டிய ஒவ்வொரு பெண்ணும்தான்.

அப்புறம் விளம்பரம் பற்றிச் சொன்னீர்கள். பள்ளிச் சீருடையை நினைத்துப் பாருங்கள். அதைவிடக் கட்டாயமான உடை உண்டா? ஒரே துணி, ஒரே நிறம். ஆனாலும் கையை மடித்துவிடுகிறவன், மேல் பொத்தானைத் திறந்துவிடுகிறவன், ரிப்பனைத் தன் இஷ்டத்துக்குக் கட்டுகிறவள் என்று நாற்பது பேரும் நாற்பது விதம். தூரத்திலிருந்து நடந்து வரும்போதே நம் சிநேகிதியை நமக்குத் தெரியும்.

கடைசியாக என் வீட்டுச் சங்கதி ஒன்று. அப்பா போனபோது அம்மாவுக்கு வயது 38. பதினாறாம் நாள் உறவுக்காரப் பெரியவர்கள் வெள்ளைச் சேலையை மடியில் வைத்துவிட்டுப் போனார்கள். அம்மா ஒன்றும் பேசவில்லை. ஒரு வருஷம் அதையே கட்டினார். கடைக்கோ கோயிலுக்கோ போனால் தலை நிமிரமாட்டார். வருஷத் திதி முடிந்த மறுநாள் காலை, பீரோவைத் திறந்து அடியிலிருந்த கிளிப்பச்சைச் சுங்குடியை எடுத்தார். கொசுவத்தை நிதானமாக மடித்துச் செருகினார். வேலைக்குக் கிளம்பினார். வாசலில் நின்ற அத்தை, "என்ன இது?" என்று கேட்டார்.

"எனக்குப் பச்சை பிடிக்கும்" என்றார் அம்மா.

அவ்வளவுதான் சொன்னார். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று நடந்துவிட்டார். நடுவர் அவர்களே, அன்றைக்கு எங்கள் தெரு முழுக்க வெள்ளைச் சேலை பக்கம்தான் நின்றது. பச்சைச் சேலை பக்கம் அம்மா ஒருத்திதான். தீர்ப்பு எழுதும்போது அந்தச் சேலையையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள் என்று கேட்டு அமர்கிறேன். நன்றி, வணக்கம்.