கையே ஓங்கல சார், பக்கத்துல நின்னான், அவ்வளவுதான்

வணக்கம் நேயர்களே. நான் சிங்கப்பூர்ல கிரிமினல் கேஸ் பாக்குற வக்கீல். "கையே ஓங்கல சார், என் மகன் பக்கத்துல நின்னான், அவ்வளவுதான்"னு அடிதடி கேஸ்ல எத்தன அம்மாங்க என்கிட்ட சொல்லி அழுதிருப்பாங்கன்னு கணக்கே இல்ல. அவங்க பொய் சொல்லல. ஆனா சட்டம் கேக்குற கேள்வி வேற, அதப் பத்தித்தான் இன்னிக்கு பேசலாம்னு வந்தேன்.

முதல்ல கடுங்காயம்னா என்னன்னு பாத்துடுவோம். கை கால் போனாதான் கடுங்காயம்னு நிறைய பேர் நினைக்கிறாங்க, அப்படி இல்லீங்க. சிங்கப்பூர் தண்டனைச் சட்டம் 320வது பிரிவுல ஒரு பட்டியலே இருக்கு. கண்ணு போறது, காது போறது, முகத்துல ஆறாத தழும்பு, இதெல்லாம் எல்லாருக்கும் புரியும். அதே பட்டியல்ல எலும்பு முறிவும் இருக்கு, மூட்டு விலகுறதும் இருக்கு. மூக்கெலும்பு உடைஞ்சாலும் சரி, சுண்டுவிரல் எலும்பு உடைஞ்சாலும் சரி, அதுவும் கடுங்காயம்தான். 20 நாள் கடுமையான வலியில கிடந்தாலோ, 20 நாள் வழக்கமான வேலையப் பாக்க முடியாம போனாலோ அதுவும் சேரும். கோப்பிக் கடையில ரெண்டு குத்து விட்டேன்னு சொல்ற பையனுக்கு, அந்த ரெண்டு குத்துல ஒண்ணு மூக்குல விழுந்தா என்ன ஆகும்னு தெரியறதே இல்ல.

சாதாரண காயத்துக்கு, அதாவது 323க்கு, அதிகபட்சம் 3 வருஷம் ஜெயில். கடுங்காயம், 325, அது 10 வருஷம் வரைக்கும் போகும், பிரம்படியும் உண்டு. கத்தி, பாராங்குன்னு சொல்ற வெட்டுக்கத்தி மாதிரி ஆயுதம் வந்துட்டா 326, அங்க 15 வருஷம், ஆயுள் தண்டனையே கூட குடுக்கலாம். "நான் லேசாதான் அடிச்சேன், எலும்பு உடையும்னு நினைக்கல"ன்னு சொல்றவங்களுக்கு 2020ல இருந்து 323ஏன்னு தனிப் பிரிவு ஒண்ணு வந்திருக்கு, அதுக்கே 5 வருஷம் வரைக்கும் ஜெயில். நினைக்கலங்கிறது தண்டனையக் குறைக்கும், ஆனா வீட்டுக்கு அனுப்பாது.

இப்ப அந்த அம்மா சொன்ன விஷயத்துக்கு வரேன். 34வது பிரிவு ஒண்ணு இருக்கு, காமன் இன்டென்ஷன்னு கோர்ட்ல சொல்வாங்க, பொதுவான எண்ணம். எல்லாரும் ஒரே எண்ணத்தோட சேர்ந்து ஒரு காரியத்த செஞ்சா, ஒருத்தர் அடிச்ச அடி எல்லாரும் அடிச்ச அடி. பிடிச்சிக்கிட்டவன், வழிய மறிச்சவன், ஆள் வராங்களான்னு பாத்துட்டு நின்னவன், இவங்க யாருமே கை ஓங்கியிருக்க மாட்டாங்க. சும்மா அந்த இடத்துல இருந்தது மட்டும் போதாது, எண்ணம் இருந்துச்சுன்னு அரசுத் தரப்புதான் நிரூபிக்கணும், அது உண்மை. ஆனா எண்ணத்த எப்படி நிரூபிக்கிறாங்க தெரியுமா? வாட்ஸ்அப் குரூப்ல "எல்லாரும் கீழ வாங்கடா, அவன் இங்கதான் இருக்கான்"னு ஒருத்தன் போட்டிருப்பான், இவன் அதுக்கு தம்ஸ் அப் போட்டிருப்பான். அடுக்குமாடி புளோக்குக்குக் கீழ இருக்குற போலீஸ் கேமராவுல ஓடி வர்றது தெரியும். முடிஞ்சுது.

அஞ்சு பேருக்கு மேல போனா இன்னும் மோசம், கரெக்டா சொன்னா ஒரே தப்பான நோக்கத்தோட அஞ்சு பேர் இருந்தாலே போதும். அது சட்டவிரோதக் கூட்டம், அதுல யாராவது அந்த நோக்கத்துக்காக வன்முறையில எறங்கிட்டா எல்லார் மேலயும் கலவரக் குற்றம். 7 வருஷம் வரைக்கும் ஜெயில், பிரம்படி.

2010ல டவுன்டவுன் ஈஸ்ட்ங்கிற பொழுதுபோக்கு வளாகத்துல நடந்தது நிறைய பேருக்கு ஞாபகம் இருக்கும், 19 வயசு பாலிடெக்னிக் பையன் செத்துப் போனான். ஆரம்பம் என்னன்னு பாத்தா முறைச்சுப் பாத்தது. ஒரு முறைப்பு! இதச் சொல்லும்போது எனக்கு இன்னிக்கும் வயித்த பிசையும்.

தண்டனை எல்லாருக்கும் ஒரே அளவா வருமான்னா, வராது. நீதிபதி முதல்ல காயம் எவ்வளவு பெருசுன்னு பாப்பாரு, அப்புறம் யார் ஆரம்பிச்சது, யார் ஆயுதம் கொண்டு வந்தது, கீழ விழுந்தவன மிதிச்சாங்களான்னு பாப்பாரு. கூட்டமா சேர்ந்து ஒருத்தன அடிச்சதே தண்டனைய ஏத்துற காரணம். 21 வயசுக்குக் கீழ இருந்தா சீர்திருத்தப் பயிற்சிக்கு வாய்ப்பு இருக்கு, ஆனா அது ஹாஸ்டல்னு நினைக்காதீங்க, அங்கயும் அடைச்சுதான் வைப்பாங்க. அடிபட்டவருக்கு நஷ்டஈடு குடுக்க உத்தரவு போடலாமான்னும் கோர்ட் யோசிச்சே ஆகணும். அடிபட்டவர் கிச்சன்ல வேலை பாக்குறவரா இருந்து விரல் உடைஞ்சிருந்தா, அவரோட அந்த ரெண்டு மாசச் சம்பளத்த நினைச்சுப் பாருங்க.

போன மாசம் ஒரு பையன் கேட்டான், "அங்கிள், ஃபிரெண்டு கூப்பிட்டான்னு போயிட்டேன், அப்புறம்தான் சண்டைன்னு தெரியுது, என்ன பண்ணணும்?" திரும்பி நடந்து போயிடுப்பா, நடந்துக்கிட்டே போலீஸுக்கு, 999க்கு போன் அடின்னு சொன்னேன். "ஃபிரெண்ட காட்டிக் குடுத்த மாதிரி ஆயிடாதா அங்கிள்?"னான். நீ சீக்கிரமா போன் அடிச்சா உன் ஃபிரெண்டு மேல 325 வராமலே போகலாம்டான்னேன். கொஞ்ச நேரம் பேசாம இருந்துட்டு, போன எடுத்து அந்த குரூப்ல இருந்து வெளிய வந்தான்.