கண்ணாடி மாற்றினால் சரியாகாத பார்வை

எல்லாருக்கும் வணக்கம். கிருஷ்ணகிரியில் கண் பரிசோதனை செய்து கண்ணாடி எழுதிக் கொடுக்கிற வேலை என்னுடையது. கண்புரை, சர்க்கரையால் வரும் விழித்திரைக் கோளாறு இதெல்லாம் வானொலியில் நிறைய பேர் பேசியாகிவிட்டது. அதனால் கண்ணுக்கே சம்பந்தமில்லாத ஒரு பார்வைக் கோளாறைப் பற்றிப் பேசுகிறேன் என்று நானே கேட்டுக்கொண்டு வந்திருக்கிறேன்.

எப்போதாவது ஒருவரை மகனோ மருமகளோ கூட்டி வருவார்கள். பக்கவாதம் வந்து ஆஸ்பத்திரியில் இருந்து வீடு திரும்பியவர், கை கால் ஓரளவு வந்துவிட்டது, பேச்சும் தெளிவு, ஆனால் எதிரில் இருக்கிற சொம்பை எடுக்கச் சொன்னால் அதையே பார்த்துக்கொண்டு நிற்கிறார், கண் மங்கிப்போச்சு போல, பவர் மாற்றிக் கொடுங்கள் என்பார்கள். சரி என்று உட்காரவைத்து, சுவரில் இருக்கும் பலகையில் E மாதிரி இருக்கும் அந்த மூன்று கோட்டு எழுத்தின் வாய் எந்தப் பக்கம் திறந்திருக்கிறது என்று கையால் காட்டச் சொன்னால் சின்ன எழுத்து வரைக்கும் காட்டிவிடுவார். அப்புறம் என் சாவிக்கொத்தை எடுத்துக் காட்டினால், "ஏதோ பளபளன்னு இருக்கு, நீட்டநீட்டமா தொங்குது" என்பார். அதையே லேசாக ஆட்டிச் சத்தம் கேட்கவைத்தாலோ கையில் கொடுத்தாலோ போதும், "அட, சாவிங்க" என்று உடனே வரும்.

இதற்கு மருத்துவத்தில் விஷுவல் அக்னோசியா என்று பெயர். கண் படம் பிடிக்கிறது, நரம்பு அதைப் பிடரிப் பக்கத்து மூளைக்குக் கொண்டுபோய்ச் சேர்க்கிறது. அங்கிருந்து காதுக்கு உள்பக்கமாக இருக்கும் மூளைப் பகுதிக்குப் போகும்போதுதான் "இது இன்னது" என்பது பிடிபடும். அந்தப் பாதையில் அடிபட்டால் கோடும் நிறமும் தெரியும், பொருள் தெரியாது. 1890-லேயே லிஸ்ஸாவர் என்ற ஜெர்மன் மருத்துவர் இதை இரண்டாகப் பிரித்துவிட்டார். சிலருக்கு உருவமே ஒன்றுசேர்ந்து வருவதில்லை, வட்டத்துக்கும் சதுரத்துக்கும் வித்தியாசம் சொல்ல முடியாது. இன்னும் சிலருக்கு உருவம் முழுசாக வரும், பார்த்து அப்படியே வரையக்கூட முடியும், வரைந்தது என்ன என்று கேட்டால்தான் தெரியாது. நான் சொன்ன சாவிக்கொத்துக்காரர் இந்த இரண்டாவது பக்கத்துக்காரர்.

இங்கிலாந்தில் ஒருவருக்கு 1981-ல் குடல்வால் அறுவை சிகிச்சையை ஒட்டிப் பக்கவாதம் வந்தது. ஆராய்ச்சிக் கட்டுரைகளில் அவருக்கு எச்.ஜே.ஏ. என்ற எழுத்துகள் மட்டும்தான் பெயர். லண்டனில் இருக்கும் பெரிய தேவாலயம் ஒன்றின் படத்தைக் கொடுத்தபோது மணிக்கணக்காக உட்கார்ந்து கோடு பிசகாமல் பார்த்து வரைந்தார், ஆனால் அது என்ன படம் என்று பார்வையால் அவருக்குப் பிடிபடவில்லை. ஒரு கேரட் படத்தைக் காட்டினார்கள். கீழே கூர்மையாக, கெட்டியாக இருக்கிறது, மேலே இறகு மாதிரி இருக்கிறது, ஏதாவது பிரஷ்ஷாக இருந்தால்தான் பொருந்தும் என்கிற மாதிரி பதில் சொன்னார். கேரட் என்றால் என்ன என்று வாயால் கேட்டால் மண்ணுக்குள் விளைவது, சமைத்துச் சாப்பிடுவது என்று அழகாக விளக்குவார், நினைவில் இருந்து படமும் வரைவார். ஆகவே மறதி இல்லை, புத்தி எங்கும் போகவில்லை. இதைத்தான் நான் வீட்டுக்காரர்களிடம் திரும்பத் திரும்பச் சொல்கிறேன், ஏனென்றால் நம் பக்கத்தில் இப்படி ஒருவரைப் பார்த்தால் ஒன்று கண் போச்சு என்பார்கள், இல்லை பெரியவருக்கு மூளை குழம்பிடுச்சு என்பார்கள்.

பெயர் வாயில் வராமல் போவதும் வேறு. பக்கவாதத்துக்குப் பிறகு அது நிறைய பேருக்கு வரும். அப்படிப்பட்டவரிடம் கத்தியைக் காட்டினால் பெயர் சொல்ல மாட்டார், ஆனால் நறுக்குகிற மாதிரி கையை ஆட்டிக் காட்டிவிடுவார். அக்னோசியா உள்ளவரால் பார்த்த மாத்திரத்தில் அந்தச் சைகையைக்கூடச் செய்ய முடியாது.

இன்னொரு பெண், டி.எஃப். என்று குறிப்பிடுவார்கள். 1988-ல் இத்தாலியில், குளிக்கும்போது கேஸ் ஹீட்டரில் இருந்து வந்த கார்பன் மோனாக்சைடை சுவாசித்து மயங்கினார், அப்போது அவருக்கு 34 வயது. பிழைத்துக்கொண்டார், ஆனால் உருவம் எதுவும் தெரியவில்லை. தபால் பெட்டி வாய் மாதிரி ஒரு பிளவை வைத்து, இது நிற்கிறதா, படுத்திருக்கிறதா, சாய்ந்திருக்கிறதா என்று கேட்டால் தப்புத் தப்பாகச் சொன்னார். இந்த அட்டையை அதில் போடுங்கள் என்றதும் கையைச் சரியான கோணத்துக்குத் திருப்பி உள்ளே போட்டார்! மில்னர், குடேல் என்ற இருவர் இதை 1991-ல் எழுதினார்கள். பொருளை அறிகிற பார்வைக்கு ஒரு பாதை, கையை வழிநடத்துகிற பார்வைக்கு வேறொரு பாதை என்று அதிலிருந்து விளக்கினார்கள். வீட்டில் யாராவது "அவர் நடிக்கிறார், டம்ளரை மட்டும் கரெக்டா பிடிக்கிறாரே" என்று சொன்னால் இந்த அம்மாவை நினைத்துக்கொள்ளுங்கள்.

கார்பன் மோனாக்சைடு இத்தாலியோடு முடிகிற விஷயமும் இல்லை. ஓசூர், தளி, தேன்கனிக்கோட்டைப் பக்கம் மார்கழி, தை குளிருக்குக் கரி அடுப்பை அறைக்குள் வைத்துக் கதவைச் சாத்திப் படுக்கிறார்கள், ஜன்னல் இல்லாத குளியலறையில் கேஸ் கீசர் மாட்டுகிறார்கள். அந்த வாயுவுக்கு வாசனையே கிடையாது. தொப்பூர் கணவாயில் நடக்கும் விபத்துகளைப் பற்றி நான் சொல்லவே வேண்டாம், தலையில் அடிபட்டாலும் இந்த அக்னோசியா வரலாம். மாரடைப்பில் மூளைக்கு ஆக்சிஜன் நின்று மீண்டவர்களுக்கும் வரலாம்.

வீட்டில் என்ன செய்யலாம்? முதலில், பார்க்க வருகிற சொந்தக்காரர்கள் ஆளுக்கொரு பொருளைத் தூக்கிக் காட்டி "இது என்ன சொல்லு பார்க்கலாம்" என்று பரீட்சை வைப்பதை நிறுத்துங்கள், எனக்கு அதைப் பார்த்தாலே ஆத்திரம் வரும். கையில் கொடுங்கள், தட்டிக் காட்டுங்கள், முகர விடுங்கள். பொருட்களை எப்போதும் ஒரே இடத்தில் வையுங்கள். படத்தைக் காட்டிப் பழக்குவதைவிட நிஜப் பொருள் நல்லது, அதில் நிறம், பளபளப்பு, அசைவு எல்லாம் உதவும். ஆபத்தானவை தனி. தோட்டத்து வீடுகளில் பூச்சி மருந்தைக் கூல்டிரிங்க்ஸ் பாட்டிலில் ஊற்றி வைக்கிற பழக்கம் கண் நன்றாகத் தெரிகிறவர்களுக்கே ஆபத்து. இப்படி ஒருவர் இருக்கிற வீட்டில் அதையும் பினாயிலையும் பூட்டிவிடுங்கள். முதல் சில மாதங்களில் கொஞ்சம் தேறுவது உண்டு, எல்லாருக்கும் முழுசாகத் திரும்பும் என்று நான் சொல்ல மாட்டேன்.

கடைசியாக ஒன்று. வாய் கோணினால், கை விழுந்தால் பக்கவாதம் என்று இப்போது எல்லாருக்கும் தெரிகிறது. பிடரிப் பக்கத்து மூளைக்கு ரத்தம் நின்றால் வாய் கோணாமலே இருக்கலாம். திடீரென்று ஒரு பக்கத்துப் பார்வை பாதி மறையும், தலை சுற்றும், நேற்று வரை படித்த செய்தித்தாள் இன்று படிக்க வராது. அதற்கு ரத்தக் கட்டியைக் கரைக்கிற ஊசியைப் பொதுவாக நாலரை மணி நேரத்துக்குள் போட்டாக வேண்டும், அதற்கு முன் ஸ்கேனும் எடுக்க வேண்டும். தர்மபுரியிலும் கிருஷ்ணகிரியிலும் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருக்கிறது, 108-ஐக் கூப்பிட்டு நேராக அங்கே போங்கள். கண்ணாடிக் கடைக்கு அடுத்த வாரம் வரலாம்.